102 வயதைவிட அந்த ஒரு இரவு

புள்ளியியல் மேதை சி. ஆர். ராவ் என்றாலே முதலில் வருவது அவருடைய வயதுதான். 2023-ல் சர்வதேசப் புள்ளியியல் பரிசு அறிவிக்கப்பட்டபோதும் அதுதான் தலைப்பு, அதே வருடம் ஆகஸ்டில் அமெரிக்காவின் பஃபலோவில் அவர் இறந்தபோதும் அதுதான் தலைப்பு: 102. நீண்ட ஆயுள் பெரிய கொடை, மறுக்கவில்லை. ஆனால் அந்தப் பரிசு 1945-ல் கல்கத்தா கணிதச் சங்கத்தின் இதழில் வந்த ஒரு கட்டுரைக்கானது. அந்தக் கட்டுரைக்கு விதை ஒரு மாணவர் கேட்ட கேள்வி. நான் பார்த்த எந்தச் செய்தியிலும் அது இல்லை. பல வருடமாகப் புள்ளியியல் சொல்லிக்கொடுப்பவன் என்பதால் மனசு கேட்கவில்லை, எழுதிவிடுகிறேன்.

அப்போதைய சென்னை மாகாணத்தின் ஹடகலியில், தெலுங்குக் குடும்பத்தில் 1920-ல் பிறந்தவர். பத்துப் பிள்ளைகளில் எட்டாவது, அதனால்தான் ராதாகிருஷ்ண என்று கண்ணன் பெயர். தினமும் விடிகாலை நாலு மணிக்கு எழுப்பி, விளக்கேற்றிப் படிக்க உட்கார வைத்தவர் அம்மா. ஆந்திரப் பல்கலைக்கழகத்தில் கணிதம் முடித்துவிட்டு, ராணுவ நில அளவை வேலை ஒன்றுக்காகக் கல்கத்தா போனார். வேலை கிடைக்கவில்லை. போன இடத்தில் மகாலனோபிஸின் இந்தியப் புள்ளியியல் நிறுவனம் கண்ணில் பட்டது, 1941-ல் அங்கே சேர்ந்துவிட்டார். அந்த வேலை கிடைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அடிக்கடி நினைப்பேன்.

சரி, அந்த வகுப்புக்கு வருகிறேன். கல்கத்தா பல்கலைக்கழகத்தில் புள்ளியியல் எம்.ஏ. முடித்த கையோடு அங்கேயே பாடம் எடுக்கிறார், வயது 23, 24 இருக்கும். மாதிரியின், அதாவது கணிப்புக்காக எடுத்துப் பார்க்கும் பகுதியின், அளவு மிகப் பெரிதாக இருக்கும்போது பொருந்துகிற, ஆங்கிலேயப் புள்ளியியல் மேதை ஃபிஷரின் முடிவு ஒன்றை விளக்குகிறார். வி. எம். தாண்டேகர் என்ற மாணவர் எழுந்து, சின்ன மாதிரிகளுக்கும் இதுபோல ஏதாவது சொல்ல முடியாதா என்று கேட்கிறார். ராவிடம் பதில் இல்லை. வீட்டுக்குப் போய் இரவெல்லாம் உட்கார்ந்து நிரூபித்து, மறுநாள் அதே வகுப்பில் வந்து எழுதிக் காட்டுகிறார்.

இன்று க்ரேமர்-ராவ் கீழெல்லை என்று உலகமெங்கும் படிப்பது அதைத்தான் (க்ரேமர், இதைத் தனியாகக் கண்ட ஸ்வீடன் கணிதவியலாளர்). ஒரு மாவட்டத்தின் சராசரி நெல் விளைச்சலை நூறு வயல்களில் மட்டும் அறுத்துப் பார்த்துக் கணிக்கிறோம் என்று வையுங்கள். வேறு நூறு வயல்களை எடுத்திருந்தால் விடை கொஞ்சம் மாறியிருக்கும். ஒருபக்கம் சாயாத கணிப்பு முறை எதுவானாலும், எவ்வளவு சாமர்த்தியமானதானாலும், இந்த ஏற்ற இறக்கத்தை ஓர் அளவுக்குக் கீழே இறக்க முடியாது. அந்த அளவைக் கணக்கிட்டுச் சொன்னார் ராவ். கரும்பில் இருக்கிற சாற்றுக்கு மேல் எந்த ஆலையும் பிழிந்துவிட முடியாது இல்லையா, அதுபோல. அதே கட்டுரையில், சுமாரான கணிப்பு ஒன்றை மேம்படுத்தும் வழியும் இருக்கிறது, ராவ்-பிளாக்வெல் தேற்றம். பின்னாளில், புள்ளியியலை வடிவியல் கண்ணால் பார்க்கிற தகவல் வடிவியல் என்று தனித் துறையாக வளர்ந்ததன் வேரும் அங்கேதான்.

நான் பள்ளியில் படித்தபோது, திட்டவிலக்கத்தில் ஏன் வர்க்கப்படுத்துகிறோம், குறியை விட்டுவிட்டுக் கூட்டினால் என்ன என்று கேட்டேன். 'பரீட்சையில் வராது, உட்கார்' என்று பதில் வந்தது. உட்கார்ந்துவிட்டேன். அப்புறம் எந்த வகுப்பிலும் கேள்வி கேட்க எனக்குப் பல வருடம் ஆயிற்று. அதனால்தான் ராவின் அந்த இரவு எனக்கு இவ்வளவு முக்கியம். தெரியாது என்பதை மறைக்காமல் வீட்டுக்கு எடுத்துப்போன வாத்தியார் அவர்.

பிறகு நடந்தவை பலருக்கும் தெரிந்தவை. 1946-ல் கேம்பிரிட்ஜ் போனார், சூடானின் ஜெபல் மோயாவில் தோண்டியெடுத்த எலும்புகளை அளந்து ஆராய்ந்தார், ஃபிஷரிடமே முனைவர் பட்டம் வாங்கினார். திரும்பி வந்து கல்கத்தாவில் ஒரு தலைமுறையையே வளர்த்தார். நம் சென்னை மாநிலக் கல்லூரியில் படித்துவிட்டுப் போன எஸ். ஆர். எஸ். வரதன் அங்கே அவரிடம்தான் ஆய்வு செய்தார். அந்த ஆய்வேட்டை மதிப்பிட்டவர்களில் ஒருவர் ரஷ்யாவின் கணித மேதை கோல்மகோரோவ்! வரதனுக்கு 2007-ல் கணிதத்தின் மிகப் பெரிய பரிசுகளில் ஒன்றான ஏபெல் பரிசு கிடைத்தது. அறுபதை ஒட்டிய வயதில் ராவ் அமெரிக்கா போய், பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகம், பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகம் என்று 80 வயது தாண்டியும் பேராசிரியராக இருந்தார். 60 ஆனதும் மாலை போட்டு வீட்டுக்கு அனுப்பிவிடுகிற நாம் கொஞ்சம் யோசிக்க வேண்டிய இடம் இது.

கேள்வி கேட்ட தாண்டேகர் பொருளாதாரத்துக்குப் போனார். நீலகண்ட ரத்தோடு சேர்ந்து இந்தியாவின் வறுமையைப் பற்றி 1971-ல் அவர் எழுதிய ஆய்வைத் தொடாமல் வறுமைக்கோட்டைப் பற்றி இங்கே யாரும் பேச முடியாது. ராவ் தன் பேட்டிகளில் அந்தக் கேள்வி யாருடையது என்று பெயரோடு சொல்லியிருக்கிறார். ஒவ்வொரு வருடமும் இந்தத் தேற்றத்தைத் தொடங்கும் நாளில் நானும் கரும்பலகையில் மூன்று பெயர்கள் எழுதுகிறேன்: க்ரேமர், ராவ், தாண்டேகர்.