ஜன்னலை மூடிக்கொள்ளச் சொன்னார்கள்

எதிர்வீட்டில் புதிதாக மாட்டிய கேமரா எங்கள் அம்மா படுத்திருக்கும் அறையின் ஜன்னலை நேராகப் பார்க்கிறது. கொஞ்சம் திருப்பி வைக்கச் சொல்லிக் கேட்டேன். "நீங்க ஜன்னலை மூடிக்கோங்களேன்" என்றார்கள். ஒரு வாரமாக இந்தப் பதில் மனதை அறுக்கிறது.

அம்மா எழுந்து நடந்து ஒன்றரை வருடம் ஆகிறது. வெளியுலகம் என்று அவருக்கு மிஞ்சியிருப்பது அந்த ஜன்னல்தான். யார் போகிறார்கள், மழை வருமா, அணில் எந்தக் கிளையில் இருக்கிறது, எல்லாம் அதன் வழியாகத்தான். இது வெறும் ஆறுதலும் இல்லை. 1984-இல் ரோஜர் உல்ரிச் வெளியிட்ட ஆய்வில் பித்தப்பை அறுவை சிகிச்சை செய்துகொண்ட 46 பேர் இருந்தார்கள். பாதிப் பேருக்கு ஜன்னலில் மரங்கள் தெரிந்தன, மீதிப் பேருக்குச் செங்கல் சுவர். மரங்களைப் பார்த்தவர்கள் சராசரியாக முக்கால் நாள் முன்னதாகவே வீடு திரும்பினார்கள், கடுமையான வலி மருந்தும் குறைவாகவே தேவைப்பட்டது. மூடச் சொல்பவர்கள் அந்தச் செங்கல் சுவரைத்தான் அம்மாவுக்குத் தருகிறார்கள்.

பழந்தமிழில் ஜன்னலுக்குக் 'காலதர்' என்று பெயர். கால் என்றால் காற்று, அதர் என்றால் வழி. 'பலகணி' என்ற சொல்லிலோ கண் இருக்கிறது. காற்றுக்குத் திறந்தால் கண்ணுக்கும் திறந்துவிடுகிறது, என்ன செய்ய?

அதிலும் இரவில் நிலைமை மோசம். பகலில் வெளியே வெளிச்சம் அதிகம் என்பதால் நாம் பார்க்கலாம், வெளியே இருப்பவருக்கு உள்ளே இருட்டாகத்தான் தெரியும். விளக்கைப் போட்டதும் தலைகீழ். கண்ணாடியில் நம் முகமே நமக்குத் தெரிகிறது, வெளியில் நிற்பவருக்கோ அறை முழுதும் தெரிகிறது. யாராவது பார்க்கிறார்களா என்றுகூட நமக்குத் தெரியாது.

லண்டனில் டேட் மாடர்ன் கலைக்கூடம் 2016-இல் பார்வையாளர் மாடம் ஒன்றைத் திறந்தது. எதிரே கண்ணாடிச் சுவர் வைத்த வீடுகள். மாடத்தில் நிற்பவர்கள் வீடுகளுக்குள் பார்த்தார்கள், படமும் எடுத்தார்கள். குடியிருந்தவர்கள் வழக்குப் போட்டார்கள். திரைச்சீலை போட்டுக்கொள்ளலாமே என்ற தொனியில்தான் 2019 தீர்ப்பு இருந்தது. 2023-இல் உச்ச நீதிமன்றம், மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கில், அதை மாற்றியது. ஓயாமல் உற்றுப் பார்ப்பதும் தொல்லைதான், அதற்குத் திரை போட்டு ஒளிந்துகொள்வது குடியிருப்பவர் பொறுப்பில்லை என்றது.

போகிற போக்கில் ஒரு பார்வை விழுவதை நான் குறை சொல்லவில்லை. அம்மாவும் அப்படித்தானே ஊரைப் பார்க்கிறார்? ஆனால் அவரைப் பார்த்துக் கையசைத்துவிட்டுப் போகிறவர்களும் அந்தக் கேமராவும் ஒன்றில்லை. அம்மா பதிலுக்குக் கையசைக்கலாம். கேமராவை என்ன செய்வார்?

நாளைக்கு மறுபடியும் போய்க் கேட்கப் போகிறேன். ஒரு சாண் திருப்பினால் போதும், அவர்கள் வாசல் முழுதும் அதில் தெரியும்.