சிறு நகை

கல்லூரியில் ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்ற என் பெரியப்பா மகன், தம் வாழ்க்கை வரலாற்றைப் புத்தகமாக எழுதி, அச்சுக்குப் போகும் முன் மெய்ப்புப் பார்த்துத் தரும்படி போன மாதம் என்னிடம் கொடுத்திருந்தார். மண்ணெண்ணெய் விளக்கு, நடந்தே போன பள்ளிக்கூடம், கஞ்சி இல்லாத இரவுகள், ஜெபம், வேலை, வீடு என்று 160 பக்கங்கள். அதில் 43ஆம் பக்கத்தில் ஒரு வரி வருகிறது: கல்லூரியில் சேரப் பணம் இல்லாதபோது அக்காவின் சிறு நகையை அடகு வைத்துக் கட்டினோம், கர்த்தர் வழி திறந்தார். அதற்குப் பிறகு அக்கா எங்கும் வரவில்லை. கடைசியில் இணைத்திருக்கும் குடும்பப் படத்தில், இரண்டாவது வரிசையில், ஓரத்தில் நிற்கிறார்.

அந்த அக்காவை எனக்கு நன்றாகத் தெரியும். பதினைந்து வயதிலிருந்து அண்டியாபீஸுக்குப் போனவர். வெளியூர் நண்பர்களுக்காகச் சொல்கிறேன், எங்கள் பக்கத்தில் முந்திரிப்பருப்பு ஆலைக்கு அதுதான் பெயர். வறுத்த கொட்டையை ஒவ்வொன்றாகத் தட்டி உடைக்கும்போது ஓட்டிலிருந்து கசியும் எண்ணெய் தோலை அரித்துவிடும் என்பதால், கையில் சாம்பலைப் பூசிக்கொண்டுதான் உட்காருவார்கள். அப்படியும் விரல் நுனிகள் கறுத்து, ரேகை தேய்ந்து போய்விடும். திருவிருந்து நாளில் அப்பத்தை வாங்கக் கை நீட்ட வேண்டிய நேரம் வரும் வரையில், அக்கா அந்தக் கைகளைச் சேலைத் தலைப்புக்குள் மறைத்து வைத்திருப்பதைச் சிறு வயதில் பக்கத்து வரிசையிலிருந்து பார்த்திருக்கிறேன். அந்தக் கைகள் சம்பாதித்த சங்கிலிதான் புத்தகத்தில் சிறு நகை ஆகியிருக்கிறது.

அண்ணனைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அவருடைய பக்தி உண்மையானது, பட்ட பாடும் உண்மையானது. என் மனத்தாங்கல் அவர் கைக்கொண்ட எழுத்து முறையின் மீது. சபைக் கூட்டங்களிலும் திருவிழாக்களிலும் வாசலோர மேசைகளில் விற்கப்படும், கடவுள் தம் வாழ்வில் செய்ததை விசுவாசிகள் சொல்லும் சாட்சிப் புத்தகங்களை நாற்பது ஆண்டுகளாக வாங்கிப் படித்து வருகிறேன். பெரும்பாலானவற்றில் துன்பம் முதல் பாதியிலும் விடுதலை பின் பாதியிலும் இருக்கும், நடுவில் ஓர் இரவு ஜெபம் இருக்கும். குடும்பம் என்பது அந்த நாயகன் நடந்து போவதற்குப் போட்ட பாலம் மாதிரி, அவர் கடந்த பிறகு கண்ணில் படாது. கடவுள் தூக்கிவிட்டார் என்று எழுதுவது விசுவாசம்தான். ஆனால் யாருடைய தோளில் ஏற்றித் தூக்கினார் என்பதையும் எழுதாவிட்டால் கணக்கில் பாதி விட்டுப்போகிறது.

இத்தனைக்கும் இந்தக் கணக்கை முழுதாக எழுதிக் காட்டிய மண் எங்கள் குமரி மாவட்டம். 1964இல் வெளிவந்த ஹெப்சிபா ஜேசுதாசனின் புத்தம் வீடு நாவலையே எடுத்துக்கொள்வோம். திருவனந்தபுரத்தில் ஆங்கிலப் பேராசிரியராக இருந்த அவர், பனைவிளையில் நொடித்துக்கொண்டிருக்கும் ஒரு கிறிஸ்தவ நாடார் வீட்டை எடுத்துக்கொண்டு, அந்த வீட்டின் மானம் முழுவதும் ஒரு பெண்ணை எப்படி வீட்டுக்குள் நிறுத்தி வைக்கிறது என்பதைச் சத்தமில்லாமல் எழுதினார். பருவம் எய்தியதும் லிஸியின் படிப்பும் வெளி நடமாட்டமும் நின்று போகின்றன. பனையேறியின் மகன் மீது அவளுக்கு வரும் விருப்பம், சொத்து கரைந்த பிறகும் கரையாத வீட்டுப் பெருமையில் போய் முட்டுகிறது. அங்கே கோயிலும் உண்டு, வேதப்புத்தகமும் உண்டு, ஆனால் அவை யாருக்கும் குறுக்கு வழி காட்டுவதில்லை. அடுக்களைப் புகையைப் போல விசுவாசம் அந்த வீட்டில் இருக்கிறது, அவ்வளவுதான்.

அந்த நாவலை என் அம்மாவுக்கு வாங்கிக் கொடுத்தபோது எனக்கு இருபத்திரண்டு வயது. அப்பா பனையேறி. அக்கானி என்று நாங்கள் சொல்லும் பதநீரைக் காய்ச்சிக் கருப்பட்டியைச் சிரட்டையில் ஊற்றும் வேலைக்கு நடுவில், விறகடுப்புப் பக்கத்தில் உட்கார்ந்து அம்மா படித்தார். சந்தோஷப்படுவார் என்று எதிர்பார்த்தேன். பாதியில் மூடி வைத்துவிட்டு, "வீட்டுக்குள்ள உள்ளதை எல்லாம் இப்பிடியா மக்களே எழுதுவாவ?" என்று கோபமாகக் கேட்டார். மறுநாள் புத்தகத்துக்குச் செய்தித்தாளில் அட்டை போட்டு, பக்கத்து வீட்டுக்காரர்கள் தலைப்பைப் பார்க்காதபடி வைத்துக்கொண்டு மீதியைப் படித்து முடித்தார். அந்தக் கோபமும் அந்த அட்டையும் நாவலுக்குக் கிடைத்த சரியான மதிப்புரை என்று இப்போது நினைக்கிறேன்.

நீல பத்மநாபனின் தலைமுறைகள் 1968இல் வந்தது. இரணியல் செட்டியார் குடும்பம் ஒன்றில், கட்டிக்கொடுத்த பெண்ணைக் குறை சொல்லிக் கணவன் திருப்பி அனுப்பிவிட, அந்தப் பழி தாயையும் தம்பியையும் ஆச்சியையும் ஆளுக்கொரு விதமாக அரிப்பதுதான் கதை. துன்பம் ஒருவருக்கு மட்டும் வருவதில்லை, வீடு முழுக்கப் பங்கு போடப்படுகிறது என்பதை அதைவிடத் தெளிவாக நான் வேறெங்கும் படித்ததில்லை. தோப்பில் முஹம்மது மீரானின் ஒரு கடலோர கிராமத்தின் கதை நாவலில் முதலாளியின் அதிகாரமும் மதத்தின் பெயரால் வரும் அச்சமும் ஒன்றுக்கொன்று முட்டுக்கொடுத்து நிற்கின்றன, ஊருக்கு ஆங்கிலப் பள்ளிக்கூடம் வருவதே ஒரு கலகமாகிறது. இவர்களுக்கெல்லாம் முன்பே, தேரூரில் 1876இல் பிறந்த கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை, குடும்பத் தலைவனான காரணவனின் சொத்து பிள்ளைகளுக்குப் போகாமல் சகோதரியின் மகனான மருமகனுக்குப் போகும் நாஞ்சில் நாட்டு வழக்கத்தைச் சாடியபோது, பாட்டை ஒரு மனைவியின் வாயில்தான் வைத்தார். சீர்திருத்தக்காரராகத் தாமே மேடையேறிப் பேசியிருக்கலாம். வழக்கத்தின் விலையைக் கொடுத்தவள் பேசட்டும் என்று ஒதுங்கி நின்றதுதான் அவருடைய பெருமை.

சமய நூல் என்றாலே தனி ஒருவரின் உயர்வைத்தான் பாட வேண்டும் என்பதும் இல்லை. சாமித்தோப்பில் கார்த்திகை மாதம் பதினேழு நாள் ஏடு வாசிக்கப்படும், அய்யாவழியின் புனித நூலான அகிலத்திரட்டு அம்மானையைக் கேட்டவர்களுக்கு இது தெரியும். பனையேறும் ஏணிக்கும் காலில் மாட்டும் தளைக்கும்கூடத் திருவிதாங்கூர் அரசு வரி வாங்கிய காலத்து மக்களின் நோவு, அந்த ஏட்டில் ஒரு முழுச் சனத்தின் நோவாக வருகிறது. தலைப்பாகை கட்டக் கூடாது என்று தடுக்கப்பட்டிருந்தவர்கள் தலைப்பாகை கட்டிக்கொண்டு, பதி எனப்படும் அய்யாவழிக் கோயிலுக்குள் நுழைந்தார்கள், உள்ளே கண்ணாடியில் தங்கள் முகத்தையே பார்த்தார்கள். நான் அந்த வழிபாட்டைச் சேர்ந்தவன் அல்லன். இருந்தாலும் அடையாளம் என்ற சொல்லை யாராவது உச்சரிக்கும்போது எனக்கு நினைவுக்கு வருவது அந்தக் கண்ணாடிதான்.

குடும்பத்தார் உயிரோடு இருக்கையில் எல்லாவற்றையும் எழுதிவிட முடியாது என்று அண்ணன் சொன்னார். நியாயம்தான். என் அம்மா போட்ட செய்தித்தாள் அட்டையை நானும் மறந்துவிடவில்லை. நாவலாசிரியருக்குப் பெயரை மாற்றிக்கொள்ளும் வசதி உண்டு, தன் கதையை எழுதுபவருக்கு அது கிடையாது. ஆனால் எழுதக் கூடாதவை என்று நாம் ஒதுக்கும் பட்டியலில் குடிகார மாமனும் நிலத்தகராறும் மட்டுமா இருக்கின்றன? அக்கா எத்தனை வயதில் படிப்பை நிறுத்தினார், நகை மீட்கப்பட்டதா, அவருடைய கல்யாணம் ஏன் ஆறு ஆண்டுகள் தள்ளிப்போனது என்பனவும் அதே பட்டியலில் எப்படிச் சேர்ந்தன? இவற்றால் யாருக்கும் மானக்கேடு இல்லை, எழுதினால் நாயகனின் உயரம் ஓரங்குலம் குறையும், அவ்வளவே.

மெய்ப்பைத் திருப்பிக் கொடுக்கும் முன் அக்காவின் வீட்டுக்குப் போய் 43ஆம் பக்கத்தை வாசித்துக் காட்டினேன். முழுவதையும் கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, "சிறு நகையா? அது மூணேகால் பவுன்லா" என்றார். வேறொன்றும் கேட்கவில்லை, காபி போட எழுந்து போய்விட்டார். அன்று மாலையே அண்ணனைத் தொலைபேசியில் அழைத்துச் சொன்னேன். மெய்ப்பு வர நாளானதால் முதல் நான்கு படிவங்களை அச்சகத்தில் ஏற்கெனவே ஓட்டிவிட்டார்கள் என்றும், இரண்டாம் பதிப்பு வந்தால் பார்க்கலாம் என்றும் சொன்னார். எங்கள் வீட்டுக்கு ஐந்து பிரதிகள் வந்தன. ஐந்திலும் அந்த வரிக்குப் பக்கத்தில், பென்சிலால், மூன்றேகால் பவுன் என்று எழுதி வைத்திருக்கிறேன்.