மெயின் போர்க்கப்பலும் மீன் தொட்டியும்

1898-இல் ஹவானா துறைமுகத்தில் வெடித்து மூழ்கிய அமெரிக்கப் போர்க்கப்பல் மெயினுக்குள் முக்குளிப்பவர்கள் இறங்கி உடல்களை மீட்பதைக் காட்டும் மௌனப் படத்துண்டு ஒன்று, கடலடியில் எடுக்கப்பட்ட அசல் பதிவு என்ற குறிப்புடன் பகிரப்படுகிறது. இது தவறு.

அது பிரெஞ்சு இயக்குநர் ஜார்ஜ் மெலியேஸ் அதே ஆண்டில் அரங்கில் உருவாக்கிய நாடகக் காட்சி. கப்பலின் உடைந்த பக்கம் வரையப்பட்ட திரைதான். கேமராவுக்கு முன்னால் மீன் தொட்டி ஒன்றை வைத்துப் படம்பிடித்ததால், முக்குளிப்பவர்களுக்கும் நமக்கும் இடையே உண்மையான மீன்கள் நீந்துகின்றன (எளிய தந்திரம்தான், ஆனால் இன்றும் ஏமாற்றுகிறது). கடலுக்கடியில் திரைப்படம் எடுப்பது 1914-இல், பகாமாஸில் வில்லியம்சன் சகோதரர்களின் முயற்சியால்தான் கைகூடியது.

வெடிப்பையே படம்பிடித்ததாகச் சொல்வதும் பொருந்தாது; 260-க்கும் மேற்பட்டோரைப் பலிகொண்ட அந்த வெடிப்பு பிப்ரவரி 15 இரவு சுமார் 9.40 மணிக்கு நிகழ்ந்தது; அந்த இருட்டில் அன்றைய கேமராவால் அதைப் படம்பிடித்திருக்க முடியாது.

அசல் பதிவும் உண்டு: எடிசன் நிறுவனத்துக்காக வில்லியம் பேலி ஹவானாவுக்கே சென்று, நீருக்கு மேல் முறுக்கிக் கிடந்த இரும்புச் சிதைவுகளைப் படமாக்கினார். அதில் முக்குளிப்பவரும் இல்லை, மீனும் இல்லை.