ஜான் ஸ்டோனும் ஒரு கடைக்காரரின் மறைவும்

குழந்தைகளுக்கான தொலைக்காட்சி நிகழ்ச்சியை இயக்குவது, பெரிய வாய்ப்புகள் கிடைக்காதவர்கள் ஒதுங்கும் வேலை என்ற எண்ணம் பரவலாக உண்டு. அமெரிக்காவின் 'செசமி ஸ்ட்ரீட்' நிகழ்ச்சியைப் பல ஆண்டுகள் இயக்கிய ஜான் ஸ்டோனின் பணியை அறிந்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள். பொம்மைகளைப் படைத்த ஜிம் ஹென்சன் உலகப் புகழ் பெற்றார். அவரை அந்த நிகழ்ச்சிக்கு அழைத்து வந்த ஸ்டோனின் பெயரோ பலருக்குத் தெரியாது.

'கேப்டன் காங்கரூ' என்ற முந்தைய குழந்தைகள் நிகழ்ச்சியில் தொழில் பழகியவர் ஸ்டோன். மாய உலகம் எதுவும் வேண்டாம், நகரத்துக் குழந்தை தினமும் பார்க்கும் தெருவே படிக்கட்டோடும் குப்பைத் தொட்டியோடும் களமாகட்டும் என்பது அவருடைய யோசனை. 1969 கோடையில் ஃபிலடெல்ஃபியாவில் மாதிரி நிகழ்ச்சிகளைப் போட்டுக் காட்டியபோது, அந்தத் தெருக் காட்சிகளில்தான் குழந்தைகளின் கவனம் கலைந்தது. நிஜ மனிதர்களோடு பொம்மைகளைக் கலக்கக் கூடாது என்று உளவியலாளர்கள் சொல்லியிருந்ததை மீறி, பிக் பேர்டு என்ற பெரிய பறவையையும் குப்பைத் தொட்டிக்குள் குடியிருக்கும் ஆஸ்கரையும் குழுவினர் தெருவுக்குக் கொண்டுவந்தார்கள். நிகழ்ச்சி பிழைத்தது அதனால்தான் என்பேன்.

ஆனால் ஸ்டோனின் முழுத் திறமையையும் நான் காண்பது, 1983 நவம்பர் 24 அன்று ஒளிபரப்பான பகுதியில். கடைக்காரர் ஹூப்பராக நடித்த வில் லீ முந்தைய டிசம்பரில் இறந்துவிட்டார். வேறு நடிகரைப் போட்டிருக்கலாம், ஊரைவிட்டுப் போய்விட்டார் என்றும் சொல்லியிருக்கலாம். இறந்துவிட்டார் என்றே சொல்வது என்று முடிவாயிற்று. நோயால் இறந்தார் என்றால், காய்ச்சலில் படுக்கும் பிள்ளை பயந்துவிடும் என்பதால் காரணத்தைத் தவிர்த்தார்கள். (இந்த முறை நிபுணர்களின் பேச்சைக் கேட்டார்கள்.) நார்மன் ஸ்டைல்ஸ் எழுதியதை ஸ்டோன் இயக்கினார்.

பிக் பேர்டு தான் வரைந்த படங்களை ஒவ்வொருவருக்கும் கொடுத்து வருகிறது. ஹூப்பரின் படம் மட்டும் கையில் மிஞ்சுகிறது. அவர் திரும்பி வர மாட்டார் என்று பெரியவர்கள் விளக்கும்போது அவர்கள் கண்களில் நிற்கும் நீர், உடன் நடித்தவரை இழந்தவர்களின் நிஜக் கண்ணீர். ஏன் இப்படி நடக்க வேண்டும் என்று பறவை கேட்க, "அது அப்படித்தான்" என்ற பொருளில் மட்டுமே, அந்தத் தெருவில் வசிக்கும் பெரியவர்களில் ஒருவரான கோர்டன் பதில் சொல்கிறார். இன்றைய தயாரிப்பாளர்களில் பலர் அந்த இடத்தில் ஒரு பாட்டைப் போட்டு நகர்ந்துவிடவே பார்ப்பார்கள்.