அக்ரிலிக்னா ஷீட் மட்டும் இல்லைங்க
"அக்ரிலிக்னா கண்ணாடி மாதிரி ஒரு பிளாஸ்டிக் ஷீட்"னு கட்டுரைல ஒரே வரில முடிச்சுட்டீங்க, அது பாதிதான். காரைக்குடில சும்மா அக்ரிலிக்னு கேட்டுப் பாருங்க, பெயிண்ட் கடைக்காரர் டப்பாவ எடுப்பாரு, நூல் கடைல ஸ்வெட்டர் பின்ற நூலக் குடுப்பாங்க, அட எங்க ஆயாவோட பல்செட்டே அக்ரிலிக்தான். ஷீட்டும் பல்செட்டு ஈறும் பாலிமெத்தில் மெத்தாக்ரிலேட்ங்கற பிளாஸ்டிக், 1933ல ஜெர்மனில பிளெக்ஸிகிளாஸ்னு பேரு பதிவு பண்ண அதே சரக்கு, ஆனா நூலு வேற, அதுல குறைஞ்சது 85 சதவீதம் அக்ரிலோநைட்ரைல்ங்கற வேறொரு வேதிப்பொருள் இருந்தாத்தான் அந்தப் பேரே. மேல கமெண்ட்ல ஒருத்தர் கண்ணாடிக்குப் பதிலா அக்ரிலிக் ஷீட்டக் கண்ண மூடிட்டுப் போடலாம்னு எழுதிருக்காரு, போடலாம், துடைக்கிறப்பதான் கண்ணத் தொறக்கணும்: எங்க பழைய வீட்டு வளவு (நடு முற்றம்) ஜன்னல்ல உடைஞ்ச கலர் கண்ணாடிக்குப் பதிலா செவப்பு அக்ரிலிக் வெட்டிப் போட்டோம், அதுல தெறிச்ச பெயிண்ட எடுக்குறேன்னு நான் தின்னர் போட்டுத் தேய்க்க, மங்கிப் போயி மயிரிழை மயிரிழையா வெடிப்பு விட்டுருச்சு. சோப்புத் தண்ணியும் மெத்துன்னு ஒரு துணியும் போதும்னு ஆசாரி அப்புறம் சாவகாசமா சொல்றாரு, முன்னாடியே சொல்லித் தொலைச்சிருக்கலாம்.