ஐ.நா.வுக்கு எழுதுமுன் எந்தக் கதவு என்று பாருங்கள்

மே மாதம் வந்தால் வியாசர்பாடியிலிருந்து ராயபுரம் வரை சுவரொட்டிகளில் ஒரே கோரிக்கைதான்: ஐ.நா.வே, ஈழத்தில் பொது வாக்கெடுப்பு நடத்து. கோரிக்கையில் தப்பில்லை. ஆனால் அதைச் சுவரொட்டியிலிருந்து மனுவாக மாற்றும்போது நம் ஆட்கள் செய்கிற பிழைகள் வருடா வருடம் அதேதான். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

கிழக்குத் திமோரைத்தான் எல்லா மேடையிலும் சொல்கிறார்கள். 1999 ஆகஸ்ட் 30 அன்று அங்கே வாக்கெடுப்பு நடந்தது, 78.5 விழுக்காடு விடுதலை பக்கம் நின்றார்கள். உண்மை. ஆனால் அந்த மண் ஐ.நா.வின் தன்னாட்சி பெறாத பகுதிகள் பட்டியலில், அதாவது இன்னும் விடுதலை பெறாத காலனிகளின் பட்டியலில், ஏற்கெனவே இருந்தது. அதே வருடம் மே 5 அன்று இந்தோனேசியாவும் போர்ச்சுகலும் கையெழுத்துப் போட்ட பிறகுதான் வாக்குப்பெட்டி வந்தது. தெற்கு சூடானின் 2011 வாக்கெடுப்புக்குப் பின்னாலும் 2005 சமாதான ஒப்பந்தம் இருக்கிறது. கொசோவோ விஷயத்தில் 2010இல் பன்னாட்டு நீதிமன்றம் சொன்னது, விடுதலைப் பிரகடனம் பன்னாட்டுச் சட்டத்தை மீறவில்லை என்பது மட்டும். பிரிந்துபோகும் உரிமை உண்டா என்ற கேள்விக்குள் அது போகவே இல்லை. இதை மறைத்துப் பேசினால் கைதட்டல் வரும், வழக்கு நிற்காது.

இனி மனு. ஜெனீவாவில் இரண்டு அமைப்புகளைக் குழப்பிக்கொள்கிறார்கள். மனித உரிமைப் பேரவை என்பது 47 நாடுகள் உட்காரும் அரசியல் சபை. மனித உரிமைக் குழு என்பது 18 நிபுணர்கள். தனிமனிதரின் புகாரை விசாரித்து முடிவு சொல்வது இந்தக் குழு. அது பார்ப்பது 1966இல் நிறைவேறிய குடியியல், அரசியல் உரிமைகள் உடன்படிக்கையை.

அந்த உடன்படிக்கையின் முதல் உறுப்பே (பிரிவே) சுயநிர்ணய உரிமைதான்: ஒரு மக்கள் கூட்டம் தன் அரசியல் நிலையைத் தானே முடிவு செய்யும் உரிமை. எனவே எல்லாரும் மனுவின் முதல் வரியில் அதைத்தான் வைக்கிறார்கள். மனு விழுவது அங்கேதான். கனடாவின் லூபிகான் பழங்குடியினர் தங்கள் நிலத்தில் எண்ணெய் எடுப்பதை எதிர்த்துப் போனபோது, 1990இல் குழு தெளிவாகச் சொன்னது: முதல் உறுப்பு ஒரு மக்கள் கூட்டத்தின் உரிமை, அது மீறப்பட்டதென்று தனிமனிதர் இந்த வழியில் புகார் தர முடியாது. ஆனால் அதே வழக்கை 27ஆம் உறுப்பின்கீழ் விசாரித்தது. சிறுபான்மையினர் தம் இனத்தாரோடு சேர்ந்து தம் மொழி, மதம், பண்பாட்டைப் பேணும் உரிமை அது. மீறல் நடந்தது என்றே முடிவும் சொன்னது. நிலப்பறிப்பு, கோயில், மொழி என்று வரும் எந்தப் புகாருக்கும் நாம் பிடிக்க வேண்டியது 27ஆம் உறுப்புதான்.

நிபந்தனைகள் கறாரானவை. தனிமனிதர் புகார் தர வழிவிடும் விருப்ப நெறிமுறை என்ற துணை ஒப்பந்தத்தை அந்த நாடு ஏற்றிருக்க வேண்டும். இலங்கை 1997இல் ஏற்றது, இந்தியா இன்றுவரை ஏற்கவில்லை. உள்நாட்டில் கடைசி நீதிமன்றம்வரை போயிருக்க வேண்டும். கடைசித் தீர்ப்பு வந்து 5 ஆண்டு தாண்டிவிட்டால் தாமதத்துக்குக் காரணம் சொல்ல வேண்டும். மொட்டைக் கடிதம் எடுபடாது, தமிழில் எழுதினாலும் எடுக்க மாட்டார்கள். கட்டணம் கிடையாது, வக்கீல் கட்டாயமில்லை. பத்தாயிரம் பேர் கையெழுத்தை வைத்து அங்கே ஒன்றும் ஆகாது. பாதிக்கப்பட்ட ஒருவரின் பெயர், தேதி, இடம், எந்த அதிகாரி என்ன செய்தார், தீர்ப்பு நகல்: இவ்வளவுதான் எடுபடும்.

வென்றாலும் நிறைவேறுமா என்பது வேறு. 2006இல் இலங்கை உச்ச நீதிமன்றம், அந்த நெறிமுறையில் சேர்ந்ததே அரசியலமைப்புக்கு முரண் என்று சொல்லிவிட்டது. அதே நீதிமன்றம்தான் 2017இல், கூட்டாட்சி கேட்பது பிரிவினை ஆகாது, ஒரு நாட்டுக்குள்ளேயே சுயநிர்ணயம் உண்டு என்றும் தீர்ப்புச் சொன்னது. இந்த இரண்டாவது தீர்ப்பை நம் மேடைகளில் யாரும் பேசாதது எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. மாகாண சபைகளைக் கொண்டுவந்த இலங்கை அரசியலமைப்பின் 13ஆவது திருத்தம் போதாதுதான். ஆனால் வடமாகாண சபைக்கு 2013இல் நடந்த தேர்தலே கடைசித் தேர்தலாக இருப்பதைக் கேட்க, இந்தத் தீர்ப்பைவிட நல்ல பிடி வேறில்லை.

நம் அரசின் நிலையையும் சேர்த்துப் பாருங்கள். 1979இல் இந்த உடன்படிக்கையில் சேரும்போதே இந்தியா ஒரு அறிவிப்பைச் சேர்த்தது: சுயநிர்ணயம் அந்நிய ஆட்சியின்கீழ் இருப்பவர்களுக்கு மட்டும். பிரான்சும் ஜெர்மனியும் நெதர்லாந்தும் அதற்கு ஆட்சேபம் தெரிவித்தன. டெல்லியிடம் வாக்கெடுப்பு கேட்பவர்கள் முதலில் இந்த அறிவிப்பைத் திரும்பப் பெறச் சொல்லிக் கேட்க வேண்டும். அப்படி ஒரு சுவரொட்டி என் கண்ணில் பட்டதில்லை.

என்னைப் பொறுத்தவரை சுயநிர்ணயத்தின் உயிர், சம்பந்தப்பட்டவர்களைக் கேட்பதில் இருக்கிறது. எல்லா மக்களுக்கும் அந்த உரிமை உண்டு என்று 1960இல் ஐ.நா. தீர்மானம் போட்டது. நாலே வருடத்தில், 1964 அக்டோபரில், இலங்கைக்கும் இந்தியாவுக்கும் இடையே சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம். இலங்கைத் தோட்டங்களில் இருந்த மலையகத் தமிழர் 9,75,000 பேரை இரண்டு அரசுகள் பங்கு போட்டன: 5,25,000 பேர் இங்கே, 3,00,000 பேர் அங்கே. மிச்சம் 1,50,000 பேரை 1974இல் ஆளுக்குப் பாதி. அந்த மக்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பர்மாவிலிருந்து கிளம்பி வந்த தமிழர்கள் கதையும் அதே காலத்ததுதான். பீச் ஸ்டேஷன் பக்கம் பர்மியச் சாப்பாடான அத்தோ சாப்பிடும்போது அதை நாம் நினைப்பதில்லை.

இன்றைக்குக் கேட்கப்படாதவர்கள் புழல் காவாங்கரை இலங்கை அகதிகள் முகாமில் இருக்கிறார்கள், கும்மிடிப்பூண்டியில் இருக்கிறார்கள். சட்டப்படி, 1987 ஜூலை 1க்கு முன் இந்திய மண்ணில் பிறந்தவர் பிறப்பாலேயே குடிமகன். மண்டபம் முகாமில் 1986இல் பிறந்த ஒரு பெண்ணுக்கு 2022இல் மதுரைக் கிளை இதை ஏற்று உத்தரவு போட்டது. அதற்குத் தேவை பிறப்புச் சான்றிதழ். வீட்டுப் பிரசவம் என்றால் தாமதப் பதிவுக்கு அலைய வேண்டும், அந்த அலைச்சலில் கூடப் போக ஆள் வேண்டும். அந்தத் தேதிக்குப் பின் பிறந்து, அப்பா அம்மா இருவருமே குடிமக்கள் இல்லை என்றால் இந்த வழி அடைப்பு. குடியுரிமைச் சட்டத்தின் 2019 திருத்தமும் இலங்கையை விட்டுவிட்டது. ஆனால் உடன்படிக்கையின் 24ஆம் உறுப்பு ஒவ்வொரு குழந்தைக்கும் ஒரு நாட்டுரிமை பெறும் உரிமை தருகிறது. அதற்கு இந்தியா எந்த விலக்கும் கேட்கவில்லை.

குழுவின் கதவு இந்தியாவுக்கு மூடியிருந்தாலும், ஐ.நா.வின் சிறுபான்மையினர் விவகாரச் சிறப்பு அறிக்கையாளருக்கு எழுதலாம். அங்கே உள்நாட்டு நீதிமன்றங்களை முடித்துவிட்டு வா என்ற நிபந்தனை இல்லை. இந்தியாவின் மனித உரிமை நிலையைப் பேரவை அடுத்து மீளாய்வு செய்யும்போது அமைப்புகளும் அறிக்கை தரலாம்: தனி அமைப்புக்கு 2815 சொல், பல அமைப்புகள் சேர்ந்தால் 5630. காவாங்கரையில் வீடு வீடாகப் போய்ப் பிறந்த தேதியும் கையில் இருக்கும் தாளும் என்னவென்று குறித்தால், இந்த 2815 சொல்லுக்குள் அடங்கும்.