சிவப்பு லைட் எரியுது, ஃபைல் மட்டும் இல்ல

கேம் ரெக்கார்டிங்ல எரிச்சலக் கெளப்புற விஷயம் ஒண்ணே ஒண்ணுதான். அது கெட்டுப்போறது நமக்குத் தெரியவே தெரியாது. கேம் க்ராஷ் ஆனா தெரியும். கன்ட்ரோலர் சார்ஜ் இறங்கினா தெரியும். நெட் போனா உடனே தெரியும். ரெக்கார்டிங் மட்டும் ரெண்டு மணி நேரம் சிவப்புப் புள்ளியக் காட்டிக்கிட்டு கம்முன்னு உக்காந்திருக்கும். முடிச்சிட்டுத் தொறந்து பாத்தா கருப்பு ஸ்கிரீன், இல்லேன்னா ஊமைப்படம், இல்லேன்னா ஃபைலே தொறக்காது. லென்ஸ் மூடியக் கழட்டாமலே தாலி கட்டி முடியற வரைக்கும் ஃபோட்டோ எடுத்த ஆள் மாதிரி! அந்த பாஸ் ஃபைட்ட மறுபடி ஆடிக்கலாம், சரி. முதல் தடவை ஜெயிச்சப்ப போட்ட கத்தல் மறுபடி வருமா?

இதுக்கு ஊரே சொல்ற வைத்தியம், "ஓபிஎஸ் போடு ப்ரோ." ஓபிஎஸ்ங்கறது ஸ்கிரீன ரெக்கார்டு பண்ற இலவச சாஃப்ட்வேர். போட்டாச்சுய்யா. கதையே அதுக்கப்புறம்தான் ஆரம்பிக்குது.

முதல் கொலைகாரன் எம்பி4ங்கற வீடியோ ஃபைல் ஃபார்மேட். ஓபிஎஸ் பண்றவங்க மேல தப்பு சொல்ல முடியாது. வருஷக்கணக்கா ரெக்கார்டிங் ஃபார்மேட்ட எம்கேவின்னுதான் வெச்சிருந்தாங்க, எம்பி4க்கு மாத்தினா அங்கேயே எச்சரிக்கையும் காட்டுது. ஆனா "பெஸ்ட் செட்டிங்ஸ்"னு வீடியோ போடற மகராசன் பண்ற முதல் வேலையே "எடிட்டிங் சாஃப்ட்வேர்ல எம்கேவி ஏறாது, எம்பி4க்கு மாத்திக்கங்க"ன்னு சொல்றதுதான். ஏன் மாத்தக்கூடாதுன்னா, சாதாரண எம்பி4ல எந்த ஃப்ரேம் எந்த இடத்துல இருக்குங்கற அட்டவணை கடைசியாத்தான் எழுதப்படும், நீங்க ஸ்டாப் அழுத்தினதுக்கப்புறம். நடுவுல கரண்ட் போச்சா, விண்டோஸ் நீலத்திரை காட்டுச்சா, டிஸ்க் நிறைஞ்சுதா, அந்த அட்டவணை எழுதப்படவே இல்ல. 18 ஜிபி ஃபைல் அப்படியே இருக்கும், எந்த ப்ளேயரும் தொடாது. எம்கேவி போகப் போக எழுதிக்கிட்டே வரும். கரண்ட் போனா கடைசி சில நொடிதான் நஷ்டம்.

எம்பி4 வேணும்னா முடிச்சப்புறம் ஃபைல் மெனுவுல 'ரீமக்ஸ் ரெக்கார்டிங்ஸ்' இருக்கு. அது மறுபடி என்கோட் பண்ணாது, அதாவது படத்தத் திரும்பச் சுருக்காது. உள்ள இருக்கறத எடுத்து வேற டப்பாவுல வைக்கும், அவ்வளவுதான். தரம் துளி குறையாது, ஃபைல காப்பி பண்ற நேரம்தான் ஆகும். இதக்கூடத் தானா பண்ணிக்க அட்வான்ஸ்டு செட்டிங்ஸ்ல ஒரு டிக் இருக்கு. ரெண்டு ஃபைலுக்கும் டிஸ்க்ல இடம் இருக்கணும், அத மட்டும் பாத்துக்கங்க. ஓபிஎஸ் 30.2ல இருந்து ஹைப்ரிட் எம்பி4னே ஒண்ணு வந்திருக்கு, அதுல நடுவுல நின்னுபோனாலும் ஃபைல் தொறக்கும். இத்தனை வழி இருக்கறப்ப, பழைய வீடியோவப் பாத்து சாதா எம்பி4ஐத் தேடிப்போய் வைக்கிறாங்களே, அதத்தான் தாங்க முடியல.

அதே வீடியோக்கள் பண்ற ரெண்டாவது பாவம், "பிட்ரேட் 6000, சிபிஆர்." பிட்ரேட்னா ஒரு நொடி வீடியோவுக்கு எவ்வளவு டேட்டாங்கற அளவு, சிபிஆர்னா காட்சி எப்படி இருந்தாலும் அத மாத்தாம ஒரே அளவா வெக்கறது. ஏய்யா, 6000 (கிலோபிட், அதாவது 6 எம்பிபிஎஸ்)ங்கறது ட்விட்ச்ங்கற லைவ் ஸ்ட்ரீமிங் தளத்துல லைவ் போறவங்களுக்கான கணக்கு. நெட் லைன் தாங்கணுமேன்னு பிடிச்ச அளவு. உங்க ஹார்ட் டிஸ்க்குக்கு எதுக்கு அந்தப் பத்தியம்? மெனு ஸ்கிரீன்ல பாத்தா நல்லாத்தான் இருக்கும். புல்வெளியில ஓடினா, மழை பெஞ்சா, புகை குண்டு வெடிச்சா, மொத்தப் படமும் கட்டம் கட்டமா உடையும். ஒவ்வொரு பிக்சலும் ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் மாறற காட்சி அது, 6 எம்பிபிஎஸ்ல 1080பி 60 ஃப்ரேம அடைக்க முடியாது. இதுல இன்னொரு கூத்து, சிம்பிள் மோடுல ரெக்கார்டிங் தரத்த 'ஸ்ட்ரீம்ல இருக்கற மாதிரியே'ன்னு விட்டுட்டா, ஸ்ட்ரீமுக்குப் போட்ட அதே கஞ்சிதான் ரெக்கார்டிங்குக்கும்.

அவுட்புட்ட அட்வான்ஸ்டு மோடுக்கு மாத்துங்க. ரெக்கார்டிங் டேப்ல என்கோடர், என்விடியா கார்டுன்னா என்விஎன்க், ஏஎம்டின்னா அவங்களோட எச்264 என்கோடர், இன்டெல் மட்டும்னா க்விக்சிங்க். ரேட் கன்ட்ரோல சிபிஆர்ல இருந்து, பிட்ரேட்ட விட்டுட்டு தரத்த நிலையா வெக்கற சிக்யூபிக்கு மாத்தி 20 போடுங்க. க்விக்சிங்க்ல ஐசிக்யூன்னு இருந்தா அதுவும் அதே வேலைதான். நம்பர் குறைய குறைய தரம் ஏறும், ஃபைல் வீங்கும். 18ல இருந்து 23க்குள்ள விளையாடுங்க, அதுக்குக் கீழ போறது டிஸ்க்குக்குத்தான் தண்டனை. சிக்யூபில ஆள் அசையாம நின்னா பிட்ரேட் தானா இறங்கும், சண்டை வந்தா ஏறும். சராசரியா 40 எம்பிபிஎஸ் ஓடினா, எட்டு பிட் ஒரு பைட்டுங்கற கணக்குல நொடிக்கு 5 மெகாபைட், மணிக்கு 18 ஜிபி. இந்தக் கணக்கப் போடாம 50 ஜிபி காலியா இருக்கற சி டிரைவ்ல மூணு மணி நேரம் ஓடவிட்டு, "ஏன் நின்னுபோச்சு"ன்னு கேக்கறாங்க.

அப்புறம் இந்தக் கேள்வி: "அண்ணே, ஸ்கிரீன் கருப்பா வருது, சவுண்ட் மட்டும் இருக்கு." லேப்டாப்தானே தம்பி? கேக்காமலே சொல்லலாம். கேமிங் லேப்டாப்ல ரெண்டு கிராஃபிக்ஸ் சிப் இருக்கு. கேம் பெரிய கார்டுல ஓடும், ஸ்கிரீன் பெரும்பாலும் ப்ராசசருக்குள்ள இருக்கற சின்ன சிப்போட வயர்ல தொங்கும். ஒரு சிப்ல இருக்கற ஓபிஎஸ்ஸால இன்னொரு சிப்போட படத்த எடுக்க முடியாது. அதனால கேம் கேப்ச்சர் (கேம மட்டும் எடுக்கறது) போட்டா ஓபிஎஸ்ஸும் கேம் இருக்கற கார்டுலயே ஓடணும். டிஸ்ப்ளே கேப்ச்சர் (முழு ஸ்கிரீனையும் எடுக்கறது) போட்டா ஸ்கிரீன் இருக்கற சிப்ல ஓடணும். விண்டோஸ் செட்டிங்ஸ்ல சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராஃபிக்ஸ் போய் ஓபிஎஸ்ஸச் சேத்து, முதல் வகைக்கு 'ஹை பெர்ஃபார்மன்ஸ்', ரெண்டாவதுக்கு 'பவர் சேவிங்'. மாத்திட்டு ஓபிஎஸ்ஸ மூடித் தொறக்கணும். இந்தக் காரணத்த அந்தக் கருப்புத் திரை மேலயே ஒரு வரி எழுதிக் காட்டினா என்ன குறைஞ்சு போகும்? காட்டாது. கருப்புன்னா கருப்பு, நீயே கண்டுபிடிச்சுக்க.

ரெக்கார்டிங் விட்டு விட்டு ஓடுதுன்னா "கம்ப்யூட்டர் பத்தல, புதுசு வாங்கு"ன்னு சொல்ற கூட்டம் வேற. வாங்கறதுக்கு முன்னாடி வியூ மெனுவுல ஸ்டாட்ஸத் தொறந்து பாருங்க. 'ரெண்டரிங் லேக்'ல ஃப்ரேம் போகுதுன்னா கிராஃபிக்ஸ் கார்ட கேமே முழுசா முழுங்கிட்டு ஓபிஎஸ்ஸுக்கு எச்சில்கூட விடலன்னு அர்த்தம். கேமுக்குள்ள ஃப்ரேம் ரேட்ட 60க்கோ மானிட்டர் அளவுக்கோ பூட்டுங்க, ஓபிஎஸ்ஸ அட்மினிஸ்ட்ரேட்டரா ஓட்டுங்க, அப்பத்தான் விண்டோஸ் அதுக்கு முன்னுரிமை குடுக்கும். 'என்கோடிங் லேக்'ல போகுதுன்னா குத்தவாளி வேற. எக்ஸ்264ங்கற சாஃப்ட்வேர் என்கோடர வெச்சு ப்ராசசரச் சாவடிச்சுக்கிட்டு இருப்பீங்க, இல்ல என்கோடர் ப்ரீசெட்ட தாங்காத அளவுக்கு ஏத்தியிருப்பீங்க. ரெண்டுக்கும் மருந்து வேற வேற. காசு குடுத்து ரேம் வாங்கிப் போட்டா ரெண்டுமே சரியாகாது.

சவுண்ட்? அதப்பத்திப் பேசினா பிபி ஏறும். மைக், கேம், டிஸ்கார்டு எல்லாத்தையும் ஒரே ட்ராக்ல கொட்டிட்டு, அப்புறம் "என் குரல் கேக்கல, கேம் சவுண்டக் குறைக்க முடியுமா"ன்னா எப்படி முடியும்? சாம்பார்ல இருந்து உப்ப எடுக்கற வேலை அது. ஓபிஎஸ்ல ஆறு ட்ராக் இருக்கு. ரெக்கார்டிங் டேப்ல 1, 2, 3 டிக் பண்ணுங்க, ஆடியோ மிக்சர்ல அட்வான்ஸ்டு ப்ராப்பர்ட்டீஸ் போய் எல்லாம் 1ல, மைக் மட்டும் 2ல, கேம் மட்டும் 3ல. சாதா ப்ளேயர் முதல் ட்ராக்கத்தான் பாடும், மத்தது எடிட்டர்ல தனித்தனியா வரும். விண்டோஸோட கூடவே வர்ற ரெக்கார்டரான கேம் பார்ல இந்த வசதி கிடையாது. அது ஆரம்பத்துல 30 ஃப்ரேம்லதான் இருக்கும், ஃபைல் எக்ஸ்ப்ளோரரயும் டெஸ்க்டாப்பையும் எடுக்காது, ரெண்டு மணி நேரம் ஆனா தானா நிக்கும். மாத்தினாலும் நாலு மணி நேரம்தான். அதுல எடுத்த ஃபைல்ல ஃப்ரேம் ரேட் நிலையாவும் இருக்காது. எடிட்டர்ல போட்டா முதல் நிமிஷம் வாயும் குரலும் ஒத்துப்போகும், இருபதாவது நிமிஷம் துப்பாக்கி ஒரு பக்கம், சத்தம் ஒரு பக்கம். ஹேண்ட்பிரேக்ங்கற வீடியோ மாத்தற சாஃப்ட்வேர்ல 'கான்ஸ்டன்ட் ஃப்ரேம் ரேட்' 60 வெச்சு ஒரு தடவை மாத்திட்டு எடிட் பண்ணுங்க. ஓபிஎஸ்ல இந்தத் தலைவலி இல்ல.

கன்சோல் வெச்சிருக்கறவங்க இதெல்லாம் படிச்சுட்டு சிரிக்காதீங்க, உங்க கதை இன்னும் கேவலம். ஸ்விட்ச்ல கேப்ச்சர் பட்டன அழுத்திப் பிடிச்சா கடைசி 30 நொடி, 720பி, 30 ஃப்ரேம், அதுவும் கேம் அனுமதிச்சாத்தான். ஸ்விட்ச் லைட்ல டிவி அவுட்டே கிடையாது, கேப்ச்சர் கார்டு (கன்சோல் படத்தக் கம்ப்யூட்டருக்குள்ள கொண்டு வர்ற கருவி) வாங்கி வெச்சும் ஒண்ணும் சொருக முடியாது. பிஎஸ்4 எதையும் மாத்தாம விட்டா கடைசி 15 நிமிஷத்தத்தான் நினைவுல வெச்சிருக்கும். செட்டிங்ஸ்ல 60 நிமிஷம் வரைக்கும் ஏத்தலாம். ஷேர் பட்டன ரெண்டு தடவை தட்டினா புது ரெக்கார்டிங் ஆரம்பிக்கும், அதுவரைக்கும் சேவ் பண்ணாம இருந்தது மொத்தமும் போச்சு. கேக்காது, ஒரு வார்த்தை கேக்காது! எக்ஸ்பாக்ஸ்ல ஒரு மணி நேரம் எடுக்கணும்னா வெளிய ஒரு யுஎஸ்பி 3.0 டிரைவ் வேணும், என்டிஎஃப்எஸ் ஃபார்மேட்ல. கேம் ஏத்தி வெச்சிருக்கற டிரைவ் அதுக்கு ஆகாது.

சரி, கேப்ச்சர் கார்டுக்குப் போலாம்னா வாசல்லயே எச்டிசிபிங்கற காப்பி தடுப்புப் பூட்டு நிக்கும். பிஎஸ்4, பிஎஸ்5 ரெண்டுலயும் ஆரம்பத்துல அது ஆன்ல இருக்கும், கார்டுல கருப்பு. பிஎஸ்5ல செட்டிங்ஸ், சிஸ்டம், எச்டிஎம்ஐ போய், பிஎஸ்4ல செட்டிங்ஸ், சிஸ்டம் போய் 'எனேபிள் எச்டிசிபி'ய அணைக்கணும். அணைச்சா படம் பாக்கற ஆப் ஓடாது, மறுபடி போடணும். பிஎஸ்3ல அத அணைக்கவே முடியாது, காம்பொனென்ட் கேபிள்தான் கதி.

இப்ப யுஎஸ்பில சொருகற அந்தக் குட்டி கேப்ச்சர் கார்டு, அதாவது டாங்கிள் விஷயத்துக்கு வர்றேன். பாட்டில் மூடி அளவுல இருக்கும், பெட்டி மேல கொட்டை எழுத்துல '4கே 60'. அந்த 4கே உள்ள வாங்கறதுக்கு. வெளிய விடறது 1080பிதான். நிறைய டாங்கிளுக்குள்ள இருக்கறது எம்எஸ்2109ங்கற யுஎஸ்பி 2.0 சிப். கணக்குப் போடுங்க: 1080பி 60 ஃப்ரேம சுருக்காம அனுப்பணும்னா, பிக்சலுக்கு 16 பிட் வெச்சா நொடிக்கு கிட்டத்தட்ட 2 ஜிகாபிட். யுஎஸ்பி 2.0 ஏட்டளவுலயே 480 மெகாபிட். அதனால ஒவ்வொரு ஃப்ரேமயும் ஜேபெக் படமா நசுக்கி, 30 ஃப்ரேமாக் குறைச்சு அனுப்பும். சிவப்பு எழுத்தோட ஓரம் கரைஞ்சிருக்கறத ஜூம் பண்ணிப் பாருங்க, புரியும். ஓபிஎஸ்ல வீடியோ ஃபார்மேட்ட, சுருக்காம அனுப்பற ஒய்யூஒய்2ன்னு மாத்தினா அதே 1080பி நொடிக்கு 5 ஃப்ரேம்ல தவழும். ஜேபெக்கா நசுக்கற எம்ஜேபெக்ல வையுங்க.

இதுல சிலது நீலப் பிளாஸ்டிக் வெச்ச ப்ளக்கோட வரும், யுஎஸ்பி 3.0ன்னு நாம நம்பணுமாம். ப்ளக்குக்குள்ள டார்ச் அடிச்சுப் பாருங்க. நெஜமான 3.0ல முன்வரிசையில நாலு, பின்னாடி அஞ்சுன்னு மொத்தம் ஒன்பது தகடு இருக்கும். நாலுதான் தெரியுதுன்னா நீலம் வெறும் பெயிண்ட். சவுண்டும் அப்படித்தான். 48 கிலோஹெர்ட்ஸ் ஸ்டீரியோவ 96 கிலோஹெர்ட்ஸ் மோனோன்னு கம்ப்யூட்டர்கிட்ட பொய் சொல்ற டாங்கிள் எத்தனையோ இருக்கு. இடது பக்கம் வர்ற காலடிச் சத்தமும் வலது பக்கம் வர்றதும் ஒண்ணாக் கலந்துடும். விலை கம்மி, டுடோரியல் எடுக்க, மெதுவான கேமுக்குப் போதும், அத மறுக்கல. பெட்டி மேல அத எழுதி வித்தா யாரு கோவப்படப்போறா?

இந்த டாங்கிள்ல பாதிக்கு எச்டிஎம்ஐ அவுட்டும் கிடையாது. ஓபிஎஸ் ப்ரிவ்யூவப் பாத்தே ஆடறேன்னு உக்காந்தா, பட்டன் தட்டின அப்புறம் யோசிச்சு அடிப்பான் உங்க ஹீரோ. ஒரு எச்டிஎம்ஐ ஸ்ப்ளிட்டர் போட்டு ஒண்ண டிவிக்கும் ஒண்ண டாங்கிளுக்கும் குடுங்க. இல்ல பாஸ்த்ரூ (படத்த அப்படியே டிவிக்கு விடற வழி) இருக்கற கார்டா வாங்குங்க. அப்படி வாங்கறப்பவும் பெட்டியில ரெண்டு நம்பர் இருக்கும், பாஸ்த்ரூ எவ்வளவு, ரெக்கார்டிங் எவ்வளவுன்னு. பெரிய எழுத்துல இருக்கறது எப்பவும் பாஸ்த்ரூதான்.

படம் சாம்பல் பூசின மாதிரி வெளுத்து வருதா? கன்சோல்ல எச்டிஆர் (வெளிச்ச வித்தியாசத்த அதிகமாக் காட்டற முறை) ஆன்ல இருக்கு, கார்டு அத எஸ்டிஆரா, அதாவது சாதா படமா நெனச்சு எடுக்குது. எச்டிஆர அணைங்க. கருப்பு மட்டும் அடிபட்டு இருட்டுல எதுவும் தெரியலன்னா கலர் ரேஞ்ச் பொருந்தல. கன்சோல்ல லிமிடெட்னா ஓபிஎஸ்லயும் லிமிடெட், ஃபுல்னா ஃபுல். இதுக்குப் போய் எடிட்டர்ல கலர் கிரேடிங்னு ராத்திரி முழுக்க உக்காந்திருக்காங்க.

இவ்வளவும் சரி பண்ணி, முழுசா ஆடறதுக்கு முன்னாடி ஒரு நிமிஷம் எடுத்து, தொறந்து, மூணு ட்ராக்கயும் கேட்டுட்டு, கண்ணாடி மாதிரி ஒரு ஃபைல் வந்தாச்சுன்னு வைங்க. யூடியூப்ல ஏத்தறீங்க. 1080பில ஏத்தினதால பழைய ஏவிசி கோடெக்ல (படத்தச் சுருக்கற முறை) போட்டு அது மறுபடி ஒரு நசுக்கு நசுக்கும், சின்ன சேனல்னா பெரும்பாலும் அதான் விதி. எக்ஸ்போர்ட் பண்றப்ப 1440பிக்குப் பெருசாக்கி ஏத்துங்க, அதவிட நல்ல விபி9 கோடெக் கிடைக்கும், அதே வீடியோ பளிச்சுன்னு இருக்கும். 1080பில எடுத்தத 1440பின்னு ஏமாத்தி ஏத்தினாத்தான் 1080பி ஒழுங்காத் தெரியுமாம். என்ன நியாயமோ!